நிறுவனரின் எந்தக் கை?

மயிலாள் வந்த வேகத்தில் ஒரு செருப்பைத் துப்பறியும் கமலாம்பாள் வீட்டு வாசற்படியிலும் இன்னொன்றைத் தெருவிலும் விட்டிருந்தார். மங்கலம் சாலையில் பனியன் பிரிண்டிங் பட்டறை வைத்திருப்பவர்.

"நாப்பதாயிரம் பனியனும் போச்சுங்க" என்று மேசைமேல் ஒன்றை விரித்தார்.

அமெரிக்காவில் ஒரு சிற்றூர். அது உண்டாகி நூற்றைம்பதாவது ஆண்டு விழா. விழாவுக்கு அடித்த பனியனில் ஊரின் நிறுவனர், கோட்டு போட்ட தாடிக்காரர், வலது கை இல்லாமல் நின்றார். கீழே ஆங்கிலத்தில் அவர் வரலாறு: மாட்டு வண்டியில் வந்தார், கடை வைத்தார், மரம் அறுக்கும் ஆலையில் ஒரு கையை இழந்தார், முப்பது வயதில் மறுபடி எழுதப் பழகினார், சட்டமன்றத்துக்கும் போனார்.

"போனது இடது கைன்னு அந்த ஊர்க்காரங்க சொல்றாங்க. அச்சடிக்கற எங்க முனீஸ் படப் பிலிமைத் திருப்பி வெச்சுட்டான். அவனை வேலையை விட்டு நிறுத்திட்டுத்தான் வாரனுங்க."

கமலாம்பாள் அசையவில்லை. ஏற்றுமதிக் கம்பெனியில் இருபது வருஷம் செக்கிங் பார்த்த கண் அவருடையது. உதவியாளன் இசக்கிமுத்துதான் பனியனை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். முனீஸ் அவன் ஊர்க்காரன், மூன்று பிள்ளைகளின் தகப்பன்.

"பிலிம் திரும்பியிருந்தா எழுத்தும் திரும்பியிருக்கோணுமுங்க. எழுத்து நேராத்தானே இருக்குது?" என்றார் கமலாம்பாள்.

"அப்பம் முனீஸ் பண்ணலல்லா" என்று இசக்கிமுத்து துள்ளி எழுந்தான்.

"படத்தை மட்டும் கம்ப்யூட்டர்ல திருப்பியிருக்குது. டிசைன் போட்டது யாருங்க?"

"எங்கண்ணன் பையன், பூபாலனுங்க." மயிலாளின் குரல் இறங்கிவிட்டது.

மயிலாள் போன் போட, அரை மணியில் பூபாலன் அமெரிக்காவிலிருந்து வந்த மூலப் படத்தின் பிரதியோடு வந்து நின்றான். கமலாம்பாள் அதைப் பார்த்தார்.

"கண்ணு, கோட்டுப் பொத்தானைப் பார்த்துத்தானே திருப்புன?"

"ஆமாங்க. பொம்பளைங்க சட்டையாட்ட இடப்பக்கம் இருந்துச்சுங்க. அவங்கதான் தப்பா அனுப்பீட்டாங்கன்னு நேராக்குனேன். அத்தை முனீசண்ணனைத் திட்டுனப்ப பயத்துல வாயே வரலீங்க."

"வாயைத் திறக்காததுதான் தப்பு. திருப்புனது தப்பில்லை. அந்தக் காலத்துல தகரத் தகட்டுல எடுத்த படம் கண்ணாடியில தெரியறாப்பல இடவலம் மாறித்தான் விழும். பொத்தான் மாறியிருந்தா கையும் மாறித்தானே இருக்கும்? அப்புறம், போனது இடது கைன்னா, அந்த மனுசன் முப்பது வயசுல எதுக்கு மறுபடி எழுதப் பழகோணும்?"

ஓர் ஊரே தன் நிறுவனரின் கையைத் தவறாக நினைத்திருந்ததை இந்த அம்மாள் ஒரு பொத்தானை வைத்துக் கண்டுபிடித்துவிட்டார். இசக்கிமுத்து ஓடிப்போய் அந்த ஊருக்கு மெயில் அடித்தான்.

மறுநாள் பதில் வந்தது. படம் தகரத் தகடுதான். அருங்காட்சியகத்தில் அவருடைய கோட்டை எடுத்துப் பார்த்தார்களாம். மடித்துத் தைத்திருந்தது வலது கைப்பகுதிதான். இடது கை இல்லாமல் வடிக்கக் கொடுத்த சிலை வேலையைப் பாதியில் நிறுத்திவிட்டார்கள். பனியன்களை உடனே அனுப்பச் சொன்னார்கள்.

மயிலாள் நேரே முனீஸ் வீட்டுக்குப் போய், எல்லாவற்றையும் சொல்லி, "மனசுல வெச்சுக்காத சாமி, வேலைக்கு வா" என்றார். முனீஸ் சட்டையை மாட்டிக்கொண்டான்.

"அந்த ஐயா விசயம் நேராக நூறு வருசத்துக்கு மேல ஆயிருக்குக்கா. எனக்கு ஒரே நாள்ல நேராயிட்டுல்லா."