நண்டுக்கு இங்கிலீஷ் தெரியுமா?

நண்டுத்தீவு எங்கே இருக்கிறது என்று வரைபடத்தில் தேடாதீர்கள். ராயபுரத்தில் மரக்கிடங்குக்குப் பின்னால், மழை பெய்தால் மட்டும் அது இருக்கும். ஒரு குட்டை, நடுவில் ஓர் உடைந்த கருங்கல். அந்தக் கல்தான் தீவு. அங்கே நண்டுகள்தான் ராஜாக்கள். கப்பல்கள்கூடப் பக்கவாட்டில்தான் போகும்.

தீவைக் கண்டுபிடித்தவர்கள் பதுருன்னிசா, அம்மு, இன்னாசி. சட்டம் போடுவது மட்டும் இன்னாசி. அவனுக்குப் பதினொரு வயது, மற்ற இருவருக்கும் பத்து. ஒரே ஒரு வயதுக்கு இவ்வளவு அதிகாரமா என்று கேட்டால் அவனுக்குக் கோபம் வரும்.

அந்தச் சனிக்கிழமை புதுச் சட்டம் வந்தது.

"நாளைக்கு தீவுல கம்பெனி தொறக்கிறோம். கம்பெனி இருந்தாத்தான் கப்பல் வுடலாம். பீச் ரோட்டு கம்பெனி போர்டு மாதிரி பேரை இங்கிலீஷ்ல எழுதணும். அதைப் படிக்கத் தெரிஞ்சவங்கதான் கம்பெனியில சேரலாம்."

அவனுடைய அட்டை தயாராக இருந்தது. 'இன்னாசி அண்ட் சன்ஸ், இடி மூட்டை வியாபாரம்' என்று நீல மையில் இங்கிலீஷில் எழுதியிருந்தான்.

"உனக்கு ஏதுடா சன்ஸ்?" என்றாள் பதுரு.

"வருவாங்க. மொதல்ல போர்டு."

பதுரு சிரித்தாள். அம்மு சிரிக்கவில்லை. அம்மு பள்ளிக்கூடம் போனதில்லை. தினமும் காலையில் அம்மாவோடு மீன்கூடை சுமந்து தெருத்தெருவாகப் போகிறவள். ஆனால் வலை மிதவைக் கட்டையில் ஓலைப் பாய் கட்டி, பதுருவும் அவளும் விடப்போகும் கப்பலைச் செய்தவள் அவள்தான்.

"நீ மட்டும் கம்பெனி வெச்சுக்கோ பதுரு. நான் பாத்துகினு இருக்கேன்," என்றாள் அம்மு.

"நீ இல்லாத கம்பெனி எனக்கு வேணாம். நாளைக்கு நம்ம கப்பல் போவும். நாம ரெண்டு பேருந்தான் மொதலாளி."

"எப்படி?"

"தெரியல. ஆனா போவும்!"

சொல்லிவிட்டாளே தவிர, பதுருவுக்கு வழி தெரியவில்லை. சாயங்காலம் அவள் வாப்பா காஜா மொய்தீன் துறைமுகத்திலிருந்து வந்தார். சரக்குப் பெட்டிகளில் மார்க்கு போடுவது அவர் வேலை. விரலெல்லாம் கழுவினாலும் போகாத கறுப்பு மை.

"வாப்பா, மூட்டை தூக்குறவங்க எல்லாம் இங்கிலீஷ் படிச்சவங்களா?"

"நல்லா கேட்ட போ! பாதிப் பேருக்குத் தமிழே படிக்கத் தெரியாது."

"அப்போ எந்தப் பெட்டி எந்தக் கம்பெனின்னு எப்படித் தெரியும்?"

"அதுக்குத்தானே நான் கீறேன்? முக்கோணத்துல நட்சத்திரம் போட்டா ஒரு கம்பெனி. வட்டத்துல யானை போட்டா இன்னொண்ணு. 'யானைக்காரன் பெட்டியைத் தூக்கு'ன்னா தூக்கிடுவாங்க. மொதலாளி பேரு எவனுக்குத் தெரியும்?"

பதுரு துள்ளி எழுந்தாள். "வாப்பா, எனக்குக் கொஞ்சம் அந்த மை வேணும்!"

ஞாயிற்றுக்கிழமை, மாதா கோயில் பூசை முடிந்ததும் இன்னாசி குட்டைக்கு ஓடி வந்தான். அவன் கண் எதிரிலேயே பதுரு வாப்பாவின் மை தொட்ட தூரிகையை அம்முவிடம் நீட்டினாள். அம்மு ஓலைப் பாயில் ஒரு மீன் வரைந்தாள். அதன்மேல் ஒரு வானவில்.

"இது இன்னா பேரு?" என்றான் இன்னாசி.

"வில்லு மீன் கம்பெனி. வானவில் ஏத்துமதி," என்றாள் அம்மு.

"செல்லாது. எழுத்தே இல்ல."

"நண்டுத்தீவுல ராஜா யாரு?" என்று கேட்டாள் பதுரு.

"நண்டு."

"நண்டுக்கு இங்கிலீஷ் தெரியுமா?"

இன்னாசி தன் அட்டையைத் திருப்பிப் பார்த்தான்.

"உன் போர்டை எந்த ராஜா படிப்பாரு? எங்க மீனைப் பாத்தா எல்லா நண்டுக்கும் புரியும்."

"சரி சரி, வுடுங்க," என்று முணுமுணுத்தான் இன்னாசி.

இரண்டு கப்பல்களும் கிளம்பின. பாதி வழியில் இன்னாசியின் கப்பல் சாய்ந்து, அதில் கட்டியிருந்த அட்டை தண்ணீரில் முங்கியது. அவன் கப்பலைக் கரைக்கு இழுத்துப் பார்த்தான். எழுத்தெல்லாம் கரைந்து, அட்டையில் நீலக் கறைதான் மிச்சம். வில்லு மீன் மட்டும் தீவுக்குப் போய்ச் சேர்ந்தது.

இன்னாசியின் முகம் சுருங்கிப்போனது. "பேரு இல்லாத கப்பலை வுடக் கூடாது. நான்தானே சட்டம் போட்டேன்," என்று கப்பலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டான்.

பதுரு அம்முவைப் பார்த்தாள். அம்மு தூரிகையை எடுத்தாள்.

"இப்படிக் குட்றா. உங்க நைனா கொருக்குப்பேட்டை கூட்ஸ் வண்டியிலதானே வேலை செய்றாரு?"

அவன் கப்பலின் மரத்திலேயே அவள் ஒரு ரயில் என்ஜின் வரைந்தாள். பின்னால் மூன்று பெட்டிகள்.

"என்ஜின் நீ. பின்னால வர்றவங்க சன்ஸ்."

இன்னாசியின் முகம் மலர்ந்தது. அம்மு கடைசியில் இன்னொரு சின்னப் பெட்டியும் போட்டாள்.

"இது யாரு?"

"கார்டு பெட்டி. அதுல உன் பொண்ணு கீறா. அவ கொடி காட்டினாத்தான் உன் வண்டியே கெளம்பும்."

"சரி, அவளே கொடி காட்டட்டும்," என்றான் இன்னாசி. பிறகு குனிந்து கப்பலைத் தண்ணீரில் விட்டான். அது பக்கவாட்டிலேயே போய், நண்டுத்தீவில் டொக்கென்று முட்டி நின்றது.