கரைக்கு வராத கப்பல்

அமுதம் தன் அண்ணனோடு காய் விட்டுப் பன்னிரண்டு நாள் ஆகிவிட்டது.

காய் விடுவது தெரியும்தானே? சுண்டுவிரலை நீட்டி, "காய்!" என்று சொல்லிவிட்டால் பேச்சு நின்றுபோகும். மறுபடி சேர வேண்டுமென்றால் ஆள்காட்டி விரலையும் நடுவிரலையும் சேர்த்து நீட்டி, "பழம்" என்று சொல்ல வேண்டும். மற்றவர் தன் இரண்டு விரலால் அதைத் தொட வேண்டும். தொட்டால்தான் பழம். அவர்கள் ஊரான கரிக்கலாம்பாக்கத்துப் பிள்ளைகளிடம் இன்னொரு சட்டமும் இருந்தது. யார் காய் விட்டார்களோ அவர்கள்தான் பழம் விட வேண்டும். மற்றவர் எவ்வளவு கெஞ்சினாலும் செல்லாது.

அண்ணன் உலகநாதனுக்குப் பத்தொன்பது வயது. பாவம், அவன் கெஞ்சாத கெஞ்சல் இல்லை. பனைமரம் ஏறி நுங்கு வெட்டிக் கொடுத்தான். கன்றுக்குட்டி மாதிரி கத்திக் காட்டினான். அமுதம் நுங்கை மட்டும் தின்றுவிட்டு, திரும்பி உட்கார்ந்துகொண்டாள்.

அவள் கோபத்துக்குக் காரணம் இருந்தது. இரண்டு வருஷமாக மழை ஏமாற்றிவிட்டது. போட்ட நெல் பதராகப் போனது. அதனால் அண்ணன் கப்பலேறி, சைகோன் என்ற தூர தேசத்துப் பட்டணத்துக்குத் துணிக்கடை வேலைக்குப் போகிறான். ஐந்து வருஷம்! ஊருக்கெல்லாம் சொன்னவன் அமுதத்திடம் மட்டும் சொல்லவில்லை. அழுவாளே என்று பயந்தான். கிணற்றடியில் யாரோ சொல்லித்தான் அவளுக்குத் தெரிந்தது.

ஓடிவந்தாள். சுண்டுவிரலை நீட்டினாள். "காய்! போனா போ! திரும்பி வராத!" என்று கத்தினாள்.

அம்மா தம்பிப் பாப்பாவைப் பெற்று நாலு நாள்தான் ஆகியிருந்தது. படுத்திருந்தவள் பதறி எழுந்துவிட்டாள். "அடிப் பாவி! பயணம் போறவனப் பாத்துச் சொல்ற வார்த்தையாடி இது? போயிட்டு வான்னு சொல்லணும்டி!"

சொல்லியிருக்கலாம். ஆனால் இந்த வீம்பு இருக்கிறதே, அது பொல்லாதது. நாளைக்குச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று நாளைக் கடத்தினாள். பதினோராம் நாள் அந்தத் துணிக்கடைக்காரரின் ஆளோடு அண்ணன் புதுச்சேரிக்குக் கிளம்பிவிட்டான். வாசலில் நின்று அவளையே பார்த்தான். அவள் கன்றுக்குட்டிக்குத் தண்ணீர் காட்டுகிற மாதிரி குனிந்துகொண்டாள்.

வண்டிச் சத்தம் தேய்ந்து போன பிறகுதான் அவள் வாசலுக்கு ஓடினாள். "வராத"ன்னு சொல்லிட்டோமே! அவன் நிஜமாகவே வராமல் போய்விட்டால்?

"நைனா, நாளைக்கு என்னயும் கூட்டினு போ. நான் அண்ணாகிட்ட பழம் விடணும்" என்று அப்பாவின் காலைக் கட்டிக்கொண்டாள். அவர்கள் பக்கத்தில் அப்பாவை நைனா என்றுதான் கூப்பிடுவார்கள்.

"அழுவாத. கப்பல் நாளைக்குத்தான் போவுது. காத்தால போயி நல்லா வழியனுப்பிட்டு வரலாம்" என்றார் நைனா. அவர் பெயர் தங்கவேல். நாலு வார்த்தை பேசுகிற இடத்தில் இரண்டு பேசுகிற மனுஷர்.

விடிவதற்கு முன்பே மாட்டு வண்டி பூட்டி, வில்லியனூர் வழியாக வந்து புதுச்சேரிக்குள் நுழைந்தார்கள். அமுதம் பட்டணத்தைப் பார்ப்பது அதுதான் முதல் தடவை. ஒரு தெருவில் முழுக்கத் தறிச் சத்தம். அடுத்த தெருவில் செக்கு ஆட்டும் எண்ணெய் வாசனை. பிறகு நகை செய்யும் தட்டார்கள் ஊதுகுழலோடு உட்கார்ந்திருக்கும் தெரு. ஒரு பக்கம் மசூதி, ஒரு பக்கம் மாதா கோயில் மணி. கடைசியில் ஒரு பெரிய வாய்க்கால் வந்தது. இந்தப் பக்கம் தமிழர் வீடுகள், அந்தப் பக்கம் வெள்ளைக்காரர் வீடுகள்.

"ஒரே ஊர எதுக்கு நைனா நடுவுல வெட்டி வெச்சிருக்காங்க?"

"அவங்களத்தான் கேக்கணும். மூக்கப் புடிச்சிக்கோ" என்றார் நைனா. வாய்க்கால் அப்படி நாறியது.

வண்டியை இந்தப் பக்கமே ஒரு மரத்தடியில் விட்டுவிட்டு நடந்தார்கள். வெள்ளைச் சுவர்களைத் தாண்டியதும் சட்டென்று கடல் வந்துவிட்டது. கரையிலிருந்து இரும்புக் கால்களை ஊன்றிக்கொண்டு ஒரு நீளப் பாலம் கடலுக்குள் போயிற்று. வெகு தூரத்தில் ஒரு கப்பல் அசையாமல் நின்றது. தீப்பெட்டி அளவுதான் தெரிந்தது.

பாலத்தின் மேல் ஒரே கூட்டம். அதில் அண்ணன் கண்ணுக்குத் தட்டுப்படவில்லை. நைனா கண்ணுக்கு மேல் கையை வைத்துக் கப்பலைப் பார்த்தார். "அட, இன்னும் கரைக்கே வரல" என்றார் நிம்மதியாக.

"இங்கயே நிக்கலாம் நைனா!"

"இன்னாத்துக்கு வெயில்ல நிக்கணும்? நம்ம ஆத்துல ஓடம் கரைக்கு வந்தாத்தான் ஏறுவோம்? கப்பல் அங்கன நிக்குது. அது வரட்டும். மாட்டுக்குத் தண்ணி காட்டிட்டு, நீயும் ரெண்டு வாய் சாப்புடு. வந்துடலாம்."

நைனா சொன்னதில் தப்பு ஒன்றும் தெரியவில்லை. ஆற்றங்கரை மனுஷருக்கு ஆறுதானே தெரியும்? திரும்பிப் போய் மாட்டுக்கு வைக்கோல் போட்டார்கள். கட்டுச்சோற்றை அவிழ்த்தார்கள். அமுதத்துக்குத்தான் இறங்கவில்லை.

அவர்கள் மறுபடி பாலத்துக்கு வந்தபோது உச்சி வெயில். கூட்டத்தைக் காணோம். கப்பல் அதே இடத்தில் நின்றது.

பாலத்தின் ஓரத்தில் மூட்டைகள் அடுக்கியிருந்தன. வேலம்மாள் என்ற மூட்டை தைக்கிற பெண் அங்கே கட்டைவிரலில் துணி சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நைனா அவளிடம் கேட்டார். "ஏம்மா, சைகோன் கப்பல் கரைக்கு எப்ப வரும்?"

வேலம்மாள் அவரை மேலும் கீழும் பார்த்தாள். "கரைக்கா? எந்த ஊருய்யா நீ? எங்க பாட்டன் பூட்டன் காலத்துலேருந்து இந்த ஊருக்குக் கப்பல் வருது. ஒரு கப்பலாவது கரையத் தொட்டிருக்கா? ஆழம் இல்லய்யா, தரை தட்டிடும். வெள்ளக்காரன் மொத மொத வந்தப்பவும் அங்கதான் நின்னான். நம்ம ஆளுங்கதான் சலங்குல போயி தோள்ல தூக்கியாந்து கரையில வெச்சாங்க. அப்புறந்தான் இந்தப் பாலமே கட்டுனான்."

சலங்கு என்பது அலைக்கு வளைந்து கொடுக்கிற மாதிரி, பலகைகளை ஆணி இல்லாமல் கயிற்றால் தைத்த பெரிய படகு.

"அப்போ... ஏற வேண்டியவங்க?" என்றார் நைனா.

"அவங்க பத்து மணிக்கே சலங்குல போயிட்டாங்களே! ஒரு பையன் மட்டும் கடைசி வரைக்கும் ஏற மாட்டேன்னு ரோட்டயே பாத்துனு நின்னான். இழுக்காத கொறையா ஏத்தினு போனாங்க."

நைனா அப்படியே பாலத்தின் மேல் உட்கார்ந்துவிட்டார். தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து முகத்தை மூடிக்கொண்டார்.

அமுதத்துக்கு அழுகையும் ஆத்திரமும் பொத்துக்கொண்டு வந்தன. "நான் சொன்னேன்ல! இங்கயே நிக்கலாம்னு சொன்னேன்ல!" என்று கத்தினாள். நைனா முகத்திலிருந்து துண்டை எடுக்கவில்லை.

அவள் கம்பியைப் பிடித்துக்கொண்டு தேம்பித் தேம்பி அழுதாள். இங்கிருந்து இரண்டு விரலை நீட்டினால் அங்கே யாருக்குத் தெரியும்? "அண்ணா!" என்று கத்திப் பார்த்தாள். காற்று அதை ஊர்ப் பக்கமே திருப்பித் தள்ளியது.

அழுதுகொண்டே கீழே பார்த்தாள். பாலத்தின் காலை ஒட்டி ஒரு சலங்கு ஆடிக்கொண்டிருந்தது. மேலேயிருந்து மூட்டைகளைக் கயிற்றில் கட்டி அதில் இறக்கிக்கொண்டிருந்தார்கள். அமுதம் கண்ணைத் துடைத்தாள்.

"அக்கா, இந்த மூட்டையெல்லாம் எங்க போவுது?"

"அதே கப்பலுக்குத்தான். சைகோன்ல நம்ம ஆளுங்களுக்குக் காரம் இல்லாம சோறு எறங்காதாம். மொளகா போவுது."

அதே கப்பலுக்கு! அமுதம் படகுக்காரரிடம் ஓடினாள். அவர் பெயர் மரியதாஸ். மீசை பெரிசு, குரல் அதைவிடப் பெரிசு.

"மாமா, எங்கண்ணனுக்கு ஒரு சேதி சொல்லணும்! ஒரே ஒரு சேதி!"

"போ பாப்பா அந்தாண்ட! நானே கப்பலுக்குப் போவ முடியாமத் தவிக்கிறேன்!" என்று சீறினார் மரியதாஸ். "மூணு மூட்ட கிழிஞ்சி கெடக்கு. கிழிஞ்ச மொளகா மூட்டயோட கடல்ல போனா, காத்துல எல்லார் கண்ணும் அவிஞ்சிடும். தைக்கிறவளோ விரல்ல ஊசிய ஏத்திக்கினு குந்தியிருக்கா. நாலு மணிக்குக் கப்பல் கெளம்பிடும்!"

அமுதம் மூட்டைகளைப் பார்த்தாள். மல்லாட்டை அறுவடையில் நைனாவுக்குச் சாக்கு தைத்துக் கொடுப்பதே அவள்தான். மல்லாட்டை என்றால் வேர்க்கடலை.

"நான் தைக்கிறேன்" என்றாள்.

"நீயா? ஊசி உன் கையளவு இருக்கும்!"

"குடுத்துத்தான் பாரேன்யா" என்று வேலம்மாள் கோணி ஊசியையும் சணலையும் நீட்டினாள்.

அமுதம் கிழிசலின் இரண்டு வாயையும் மடித்துப் பிடித்து, ஊசியைக் குத்தி இழுத்தாள். மிளகாய் நெடி மூக்கில் ஏறியது. தும்மினாள். தைத்தாள். மறுபடி தும்மினாள். விரல்கள் தீயாக எரிந்தன. கண்ணிலும் மூக்கிலும் தண்ணீர் கொட்டியது. அதில் எது அழுகை, எது மிளகாய் என்று அவளுக்கே தெரியவில்லை.

பக்கத்தில் யாரோ வந்து உட்கார்ந்தார்கள். நைனா. அவள் தைக்க வசதியாகச் சாக்கை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். அமுதம் அவரைத் திரும்பிப் பார்க்காமல் தைத்தாள்.

மூன்று மூட்டையும் முடிந்தது. மரியதாஸ் தையலை இழுத்துப் பார்த்தார். அசையவில்லை.

"சரி சொல்லு. இன்னா சேதி?"

அமுதம் எழுந்து நின்று இரண்டு விரலை நீட்டினாள். "இத நீங்க தொடணும். அப்புறம் எங்கண்ணன் விரலத் தொடணும். 'பழம்'னு சொல்லணும். 'போயிட்டு வா'ன்னு சொல்லணும். அவரு பேரு உலகநாதன், கரிக்கலாம்பாக்கம். மறந்துடாதீங்க மாமா. நான் அவர வராதன்னு சொல்லிட்டேன்."

படகிலிருந்த ஆட்கள் சிரித்தார்கள். மரியதாஸ் சிரிக்கவில்லை. தன் தடித்த இரண்டு விரலால் அவள் விரலைத் தொட்டார்.

"இந்த ரெண்டு விரலால வேற எதயும் தொடாதீங்க!"

"நல்லா இருக்கு! துடுப்ப எட்டு விரலாலதான் புடிக்கணுமா?" என்று முணுமுணுத்துக்கொண்டே இறங்கினார். சலங்கு அலையில் ஏறி, விழுந்து, ஏறிப் போயிற்று.

நாலு மணிக்குக் கப்பல் ஒரு நீளமான ஊதல் ஊதியது. கரும்புகை விட்டது. மெல்ல மெல்லச் சின்னதாகிக்கொண்டே போனது. சலங்கு இன்னும் திரும்பவில்லை. அமுதம் கண் இமைக்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள். நைனா அவளுக்குப் பின்னால் நாலடி தள்ளியே நின்றார், பக்கத்தில் வரப் பயந்தவர் மாதிரி.

வெயில் தாழ்ந்தபோது மரியதாஸ் பாலத்தில் ஏறி வந்தார்.

"பாத்தீங்களா மாமா?"

"பாக்காம? மூட்டக் கணக்குச் சீட்டக் குடுக்கக் கப்பல் மேல ஏறுனேன். கரிக்கலாம்பாக்கம் உலகநாதன் யாருடான்னு கத்துனேன். கம்பிய ஒட்டி ஒருத்தன் கரையயே பாத்துனு நின்னான். விரல நீட்டி, பழம்டா, போயிட்டு வான்னு உன் தங்கச்சி சொல்லச் சொன்னான்னேன். கையில இருந்த மூட்டயப் பொத்துன்னு போட்டுட்டான். என் விரலத் தொட்டான். அந்தக் கையாலயே கண்ணத் தொடச்சான் பாரு, மொளகா! அலறிட்டான்."

அமுதம் சிரித்துவிட்டாள். சிரிப்போடு அழுகையும் வந்துவிட்டது.

"எதுனா சொன்னாரா?"

"சொன்னான். 'வரேன்'னு சொல்லச் சொன்னான்." மரியதாஸ் கொஞ்சம் நிறுத்தி, நைனாவைப் பார்த்தார். "இன்னொண்ணும் சொன்னான். 'கப்பல் கரைக்கு வரும்னு எங்க நைனா எங்கனா உக்காந்துனு இருந்திருப்பாரு. நானே இன்னிக்குக் காத்தால வரைக்கும் அப்படித்தான் நெனச்சினு இருந்தேன். அவரக் கோவிச்சிக்க வேணாம்னு என் தங்கச்சிகிட்ட சொல்லுங்க'ன்னான்."

நைனா தலையைக் குனிந்துகொண்டார்.

அமுதம் அவரிடம் போனாள். எரிந்து சிவந்திருந்த இரண்டு விரலை நீட்டினாள். "பழம் நைனா" என்றாள்.

நைனா மண்ணும் சணலும் ஒட்டிய தன் விரல்களால் அதைத் தொட்டார். பிறகு கடல் பக்கம் திரும்பினார். புகைகூட இப்போது தெரியவில்லை. ஆனாலும் அந்த அதிகம் பேசாத மனுஷர், வயல் கோடியில் நிற்கிறவனைக் கூப்பிடுவது போல வாயில் இரண்டு கையையும் குவித்துக்கொண்டு கத்தினார்.

"போயிட்டு வா கண்ணு! போயிட்டு வா!"

கத்தி முடிகிற வரைக்கும் அமுதம் அவர் வேட்டி முனையைப் பிடித்துக்கொண்டு பக்கத்திலேயே நின்றாள்.