நாழிக்கட்டு

“அப்போ நான் போறேன், அம்மணி” என்று சொல்லிவிட்டு ஆறுச்சாமி கதவைச் சாத்தினான்.

சென்னியம்மாளுக்குச் சுருக்கென்றது. பன்னிரண்டு வருஷக் குடித்தனத்தில் அவன் வாயிலிருந்து அந்தச் சொல் வந்ததில்லை. சண்டை போட்டுக்கொண்டு கிளம்பினாலும் “வாரேன்” என்றுதான் சொல்வான். அதுவும் பொழுதைக் கட்டி நிறுத்தும் நாழிக்கட்டு பாடும்போது வாசற்படியில் நின்று சொன்ன சொல் சொன்னபடியே நடக்கும், உள்ளே இருப்பவள் காதுக்கு முழுசாக வந்து சேரும் என்பது பாட்டுக்காரக் குடும்பத்தில் எல்லோருக்கும் தெரியும். பெற்ற மகள் சாகக் கிடக்கும்போது எந்த மனுஷனுக்குத்தான் வாய் தவறாது என்று தன்னைத் தேற்றிக்கொண்டாள். கூப்பிட்டுக் கேட்கவும் முடியாது. முதல் அடியைப் பாடியாகிவிட்டது. இனி நிறுத்தக் கூடாது.

பாயில் மயிலாத்தாள் கிடந்தாள். ஒன்பது வயசு. துடியலூரில் பாதிப் பேர் பிளேக்குக்குப் பயந்து தோட்டங்களில் சாளைக் குடிசை போட்டுக்கொண்டு போய்விட்டார்கள். இவர்கள் கிளம்புவதற்குள் பிள்ளையின் தொடையிடுக்கில் கட்டி வந்துவிட்டது. கோயமுத்தூர் போய் டாக்டரைக் கூட்டிவர மூன்று மணி நேரமாவது ஆகும், அதுவரை உயிர் தாங்காது. அதனால்தான் இந்த உச்சிப்பொழுதைக் கட்டிவைக்கச் சொன்னான்.

கட்டுவது பெண்ணின் பாட்டு, அவிழ்ப்பது ஆணின் பாட்டு. அவள் உள்ளேயிருந்து நேரத்தைக் கட்டுவாள். அவன் திரும்பி வந்து வாசற்படியில் நின்று அவிழ்ப்பான். அவிழ்க்கும் பாட்டைப் பெண்களுக்குச் சொல்லித்தரும் வழக்கமில்லை. கல்யாணமான புதுசில் ஒருமுறை கேட்டாள். “அது எங்க சோலி, உனக்கெதுக்கு?” என்று சிரித்துவிட்டான்.

மூன்றாவது அடியில் பொழுது நின்றது. விளக்குச் சுடர் ஆடவில்லை. தலைமாட்டில் செருகிய வேப்பிலையின் கசந்த வாசமும் காய்ச்சல் உடம்பின் நெடியும் அறைக்குள் அப்படியே உறைந்து நின்றன. பிள்ளையின் வாயில் விட்ட தண்ணீரில் ஒரு சொட்டு உதட்டோரம் வழிந்து, கீழே விழாமல் தங்கியது. பாதி இழுத்த மூச்சு தொண்டையில் சிக்கி, கரகரவென்று ஏற்றமும் இறக்கமும் இல்லாத ஒரே ஒலியாக நீண்டுகொண்டே இருந்தது.

அந்த ஒலியை அவள் இதற்கு முன்பு எங்கோ கேட்டிருக்கிறாள்.

வெளியே மில் சங்கு ஊதியது. மத்தியானச் சங்கு என்று நினைத்தாள். அடுத்த அடியைப் பாடி முடிப்பதற்குள் மறுபடியும் ஊதியது. கதவிடுக்கில் தெரிந்த வெயில் மங்கி, இருண்டு, வெளுத்தது. உள்ளே நேரம் நின்றால் வெளியே இப்படித்தான் ஓடும், அவள் அறிந்ததுதான். ஒரு நாள் தாமதமாகியிருக்கும். டாக்டர் கிடைத்திருக்க மாட்டார். ஏனுங்க, வந்துருங்க என்று மனசுக்குள் கெஞ்சிக்கொண்டே பாடினாள். இப்போது ஓர் அடிக்கு ஏழு சங்கு. பிறகு அவளால் எண்ண முடியவில்லை.

கதவைப் பார்த்தாள். ஜன்னல் இல்லாத இந்தத் தெற்கு அறைக்குப் போன மாசம்தான் அவன் புதுக்கதவு போட்டான். உள்ளே தாழ்ப்பாள் கிடையாது. வெளிப்பக்கம் மட்டும் இரண்டு. ஆசாரி மாற்றி வைத்துவிட்டான் என்று அன்றைக்கு இரண்டு பேரும் சிரித்தார்கள். ஆடி நோன்பன்று அவன் சொன்னதும் ஞாபகம் வந்தது: “அன்னூருக்காரனுக்கு ஆத்தா இருக்கறா, கோயில் வரும்படியில அவன் ராசா மாதிரி இருக்கறான். நம்மூருக்கும் ஒருத்தி இருந்தா நல்லாருக்கும்.”

அன்னூர் நாழியாத்தா கோயில். என்றைக்கும் திறக்காத கதவு. அதில் காதை வைத்தால் உள்ளே ஒரு பொம்பளை பாடுவது கேட்கும். ஆத்தாளே பாடுகிறாள் என்று ஊரே கும்பிடும். சின்ன வயசில் சென்னியம்மாளும் காதை வைத்துக் கேட்டிருக்கிறாள். பாட்டுக்கு அடியில் கரகரவென்று இன்னொரு ஒலி. அது ஆத்தாளின் சுருதி என்று அப்பன் சொன்னார்.

இதே ஒலி.

அவள் வாய் பாடிக்கொண்டிருந்தது. நிறுத்தினால் கட்டு அறுந்துவிடும். பிள்ளை போய்விடும். பெற்றவள் நிறுத்த மாட்டாள். அது அவனுக்குத் தெரியும். ஒரே பாயில் படுத்தவன். பிள்ளைக்குப் பேர் வைத்தவன். தெரிந்துதான் செய்தான்.

கதவைச் சுற்றிய இடுக்கைப் பூசி அடைக்கும் கொத்தனாரின் கரண்டிச் சத்தம். சுண்ணாம்பு வாசம். கதவிடுக்கில் இருந்த வெளிச்சம் ஒவ்வொரு விரற்கடையாகக் குறைந்தது. பிறகு மணிச் சத்தம். கற்பூர வாசம்.

வாசற்படியில் யாரோ ஏறினார்கள்.

“அப்பா, உள்ள ஆருங்க பாடறது?” சின்னப் பெண்ணின் குரல். மயிலாத்தாள் வயசுதான் இருக்கும்.

“ஆத்தா பாடறா, கண்ணு. கும்பிட்டுக்கோ.”

ஆறுச்சாமி. குரல் தடித்திருந்தது, நிம்மதியாக இருந்தது.

“அந்தக் கரகரன்னு கேக்கறது என்னங்கப்பா?”

மணியை ஒருமுறை அடித்தான்.

“அது சுருதி.”

கதவைப் பிறாண்ட வேண்டும். அவன் பேரைச் சொல்லி அலற வேண்டும். ஓர் அடி நின்றால் போதும், பிள்ளை போய்விடும். பாடினாள்.

“சரிங்கப்பா. ஆத்தா, நான் போறேன்.”

“சேச்சே! ஆத்தாகிட்ட போறேன்னு சொல்லப்படாது, கண்ணு. வாரேன்னு சொல்லோணும்.”

வேண்டாம் கண்ணு. சொல்லாதே. அந்தப் படியில் நின்று சொல்லாதே, சொன்னபடியே நடந்துவிடும். பாடினாள். பாடினாள்.

“வாரேன், ஆத்தா.”

வெளியே தாழ்ப்பாள் ஒருமுறை அசைந்தது. மயிலாத்தாளின் உதட்டோரத்தில் அந்தச் சொட்டு இன்னும் விழாமல் நின்றது. பாயில், அவளுக்குப் பக்கத்தில், இன்னொருத்தி படுக்கும் அளவுக்கு இடம் இருந்தது.