சேதாரம் எத்தனை கல்?

வீட்டுக்குச் சுவர் இருந்தது. கூரை இருந்தது. கதவுகூட இருந்தது. தரை மட்டும் இல்லை. வெறும் சிமெண்டுப் பூச்சு. நடந்தால் செருப்புக்கு அடியில் நறநறவென்றது.

"தரை போடாததாலதான் இந்த விலைக்குக் கிடைக்குது" என்றார் அப்பா. "தரையை நானே போட்டுக்குவேன்."

அப்பா டைல்ஸ் மேஸ்திரி. ஊரில் பாதி வீடுகளின் தரை அவருடைய முழங்காலுக்குத் தெரியும். ஆனால் இதுவரை ஒரு தரையும் அவருடையது இல்லை. அதனால் இன்று அவர் நூல் பிடித்து அளக்கும்போது விசிலடித்துக்கொண்டே அளந்தார்.

அவருக்குப் பின்னால் சாக்பீஸோடு போனவள் கொக்கி. வயது பத்து. உண்மையான பெயர் வேறு. எதையாவது பிடித்துக்கொண்டால் கேள்விக்குறி மாதிரி தொங்குகிறாள் என்று வகுப்பு டீச்சர் வைத்த பெயர் வீடு வரைக்கும் வந்துவிட்டது. அவளுக்குப் பின்னால் போனவன் தம்பி பொடியன். வயது ஆறு. அவன் எதற்குப் போகிறான் என்று அவனுக்கே தெரியாது.

"இருநூத்தம்பது கல்லு" என்றார் அப்பா. மேஸ்திரிகள் ஒரு டைல்ஸை ஒரு கல் என்றுதான் சொல்வார்கள். "சேதாரம் நூத்துக்கு அஞ்சு."

"சேதாரம்னா?" என்றான் பொடியன்.

"வெட்டும்போது உடையுறது, மூலைக்கு நறுக்குறது. வீணாப் போற கல்லு. அதையும் சேர்த்துத்தான் விலை சொல்லணும்."

வாசலில் நின்றிருந்த தரகர் சிரித்தார். பேங்கில் வீட்டுக்கடன் வாங்கித் தருகிறவர். எதற்கும் சிரிப்பார். பிள்ளைகள் அவருக்கு வைத்திருந்த பெயர் சிரிப்பு மாமா.

"சதுர அடிக்கு இவ்வளவுன்னு சொல்லிட்டா போதாதா சார்?" என்றார் தரகர்.

"அப்படிச் சொல்றவனை நம்பவே கூடாது" என்றார் அப்பா. "மொத்தம் எவ்வளவுன்னு கேக்கணும். எந்த வீட்டுக்கு வேலைக்குப் போனாலும் நான் சொல்ற முதல் வார்த்தையே அதுதான்."

"சரி, நம்ம விஷயத்துக்கு வருவோம். இப்ப என்ன வாடகை குடுக்குறீங்க?"

"பதினாலாயிரம்."

"பேங்க்ல மாசம் பதினாறாயிரத்துச் சொச்சம்தான். வாடகையோட ரெண்டு சேர்த்தீங்கன்னா வீடே உங்களோடது."

அப்பா விசிலை நிறுத்திவிட்டு அம்மாவைப் பார்த்தார். அம்மா விரல் விட்டு எண்ணினாள். அம்மா ஆஸ்பத்திரிச் சலவைக் கூடத்தில் வேலை பார்க்கிறாள். எண்ணாமல் எதையும் கையெழுத்துப் போட்டு வாங்க மாட்டாள்.

"பதினெட்டு வரைக்கும் முடியும். மீதி ரெண்டாயிரத்துக்குப் பிள்ளைங்களை ஸ்கூல் வேன்ல விட்டுடலாம். இங்கேருந்து நடக்க முடியாது" என்றாள்.

வேன். கொக்கி அதைப் பற்றி வகுப்பில் ஏற்கெனவே சொல்லிவிட்டாள். மஞ்சள் வேன், ஜன்னலோரம், தனக்கு மட்டும். அதைக் கேட்காதவர்கள் வகுப்பிலேயே இரண்டு பேர்தான், அவர்களுக்கு அன்றைக்குக் காய்ச்சல்.

"மாமா, எத்தனை மாசம் கட்டணும்?" என்றாள் கொக்கி.

"முப்பது வருஷம் பாப்பா. கண்ணை மூடித் திறக்குறதுக்குள்ள ஓடிடும்."

பொடியன் கண்ணை மூடித் திறந்து பார்த்தான். "ஓடலையே" என்றான்.

"அப்ப எனக்கு நாப்பது வயசு" என்றாள் கொக்கி. "அப்பாவுக்கு?"

"அறுபத்தெட்டு" என்றாள் அம்மா.

அப்பா முழங்காலைத் தடவினார்.

கொக்கி சிமெண்டுத் தரையில் குந்தி உட்கார்ந்தாள். பதினாறாயிரத்தைப் பன்னிரண்டால் பெருக்கினாள். வந்ததை முப்பதால் பெருக்கினாள். தப்பாக இருக்கும் என்று நினைத்துக் காலால் அழித்துவிட்டு மறுபடி பெருக்கினாள். அதேதான் வந்தது.

"மாமா, ஐம்பத்தேழு லட்சத்துக்கு மேல வருது."

"சொச்சத்தையும் சேர்த்தா ஐம்பத்தெட்டு" என்றார் தரகர். சிரிப்பு கொஞ்சம் சின்னதாயிருந்தது.

"நாம வாங்குற கடன் இருபதுதானே?"

"மீதி வட்டிம்மா. ஊர்ல எல்லாரும் கட்டுறதுதான்."

"முப்பத்தெட்டு லட்சமும் வட்டியா? அதுக்கு எந்த ரூம் கிடைக்கும்?"

தரகர் சிரித்தார். "நாளைக்குப் பத்து மணிக்கு பேங்க்ல கையெழுத்து சார். பாப்பாவை ஸ்கூலுக்கு அனுப்பிட்டு வந்துடுங்க."

"நாளைக்கு லீவு" என்றாள் கொக்கி.

திரும்பி வரும்போது பஸ்ஸில் அவள் அப்பாவை விடவில்லை.

"அப்பா, வீடு இருபத்தஞ்சு லட்சம். இருநூத்தம்பது கல்லு. அப்ப ஒரு கல்லுக்குப் பத்தாயிரம். சரியா?"

"அப்படியும் வச்சுக்கலாம்."

"நம்ம சேமிப்புலேருந்து அஞ்சு லட்சம் போடுறோம். அது ஐம்பது கல்லு."

அப்பாவுக்கு இந்தக் கணக்கு பிடித்துவிட்டது. வீட்டை மனசுக்குள் அளந்தார். "சமையலறையும் குளியலறையும் சேர்ந்தா சரியா ஐம்பதுதான். அது ரெண்டும் இப்பவே நம்மளோடது."

"குளிக்கலாம், சமைக்கலாம். படுக்கத்தான் இடமில்லை" என்றாள் அம்மா.

"மீதி இருநூறு கல்லு பேங்கோடது. முதல் வருஷம் கட்டி முடிச்சா அதுல எத்தனை நம்மளோடது ஆகும்?" என்றாள் கொக்கி.

"மாசம் பதினாறாயிரம்னா ஒன்றரைக் கல்லுக்கு மேல. வருஷத்துக்குப் பத்தொன்பது" என்றார் அப்பா, சட்டென்று. கல்லை எண்ணுவதில் அவரை யாரும் அடிக்க முடியாது. "பத்தொன்பது கல்லுல நாலு பேரும் கால் நீட்டிப் படுக்கலாம்."

கொக்கிக்கு ஏதோ உதைத்தது. வருஷத்துக்குப் பத்தொன்பது கல் என்றால் இருநூறு கல்லும் பத்துப் பதினோரு வருஷத்தில் முடிந்துவிட வேண்டுமே. பிறகு எதற்கு முப்பது வருஷம்?

மறுநாள் நான்கு பேருமாக பேங்குக்குப் போனார்கள். நாற்காலிகள் மெத்தென்று இருந்தன. அப்பா விளிம்பில் உட்கார்ந்தார், அழுக்கு ஒட்டிவிடும் என்பது போல. வேட்டி, சட்டை எல்லாம் சலவை செய்து வந்தவைதான். படித்தவர்கள் முன்னால் கேள்வி கேட்பது மரியாதை இல்லை என்று யாரோ எப்போதோ அவருக்குச் சொல்லி வைத்திருந்தார்கள். சொன்னவர் யார் என்று தெரிந்திருந்தால் கொக்கி அவரிடமும் நாலு கேள்வி கேட்டிருப்பாள்.

மேஜைக்கு அந்தப் பக்கம் அதிகாரி அம்மா இருந்தார். மூக்குக் கண்ணாடியைத் தலையில் ஏற்றிவிட்டு அதையே மேஜையில் தேடிக்கொண்டிருந்தார்.

"தலையில இருக்கு" என்றான் பொடியன்.

"நன்றி" என்று எடுத்துப் போட்டுக்கொண்டு, காகிதங்களை அப்பா பக்கம் தள்ளினார். "முப்பது வருஷம், மாசம் பதினாறாயிரத்துச் சொச்சம். இங்க, இங்க, அப்புறம் இங்க கையெழுத்து."

அப்பா பேனாவைத் திறந்தார்.

"மேடம்" என்றாள் கொக்கி. "முதல் வருஷம் முடியும்போது எங்களுக்கு எத்தனை கல்லு?"

"எத்தனை என்ன?"

தரகர் சிரித்தார். "சின்னப் பொண்ணு மேடம், சும்மா ஏதோ கேக்குது."

"சும்மா கேக்கல மாமா, தெரியாமத்தான் கேக்குறேன்" என்றாள் கொக்கி. கல்லுக்குப் பத்தாயிரம், பேங்குக்கு இருநூறு கல் என்று முழுக்கணக்கையும் ஒரே மூச்சில் சொன்னாள்.

அதிகாரி அம்மாவின் புருவம் கண்ணாடிக்கு மேல் ஏறியது. "இப்படி யாரும் என்கிட்ட கேட்டதே இல்லை. இரு பாப்பா" என்று கம்ப்யூட்டர் பக்கம் திரும்பினார். தட்டினார். கொஞ்ச நேரம் பார்த்தார்.

"ஒரு கல்லு" என்றார். "அப்புறம் இன்னொரு கல்லுல மூணுல ஒரு பங்கு."

அப்பா பேனாவை மூடினார். "மாசத்துக்கா?"

"வருஷத்துக்கு."

பொடியன் விரலில் எதையோ எண்ணிவிட்டு, "நாலு பேரும் ஒரே கல்லுல எப்படி நிக்கிறது?" என்றான்.

"தப்பா இருக்காதே மேடம்?" என்றார் அப்பா மெதுவாக. "பதினாறாயிரம் கட்டுறேன்ல?"

"கட்டுறீங்க. ஆனா நாங்க முதல்ல வட்டியை எடுத்துக்குவோம். இருபது லட்சத்துக்கு ஒரு மாச வட்டியே பதினஞ்சாயிரம். மிச்சம் இருக்குற ஆயிரத்துச் சொச்சம்தான் கடன்ல கழியும். கடன் குறையக் குறைய வட்டியும் குறையும். கடைசி வருஷங்கள்ல மளமளன்னு இறங்கும். ஆரம்பத்துல நத்தை மாதிரிதான்."

"அப்ப வட்டிங்கிறது சேதாரமா அப்பா?" என்றாள் கொக்கி.

அப்பா நிமிர்ந்தார். அந்த ஒரு சொல் அவருடைய தொழில் சொல். அந்தச் சொல்லின் முன்னால் அவர் விளிம்பில் உட்கார வேண்டியதில்லை. நாற்காலியில் நன்றாகச் சாய்ந்துகொண்டார்.

"முப்பத்தெட்டு லட்சம் வட்டி. கல்லுக்குப் பத்தாயிரம். முந்நூத்தி எண்பது கல்லு" என்றார். "மேடம், இருநூறு கல்லு தரைக்கு முந்நூத்தி எண்பது கல்லு சேதாரம்னு நான் ஒரு வீட்டுல சொன்னா, என் உளியையும் என்னையும் சேர்த்துத் தெருவுல போட்டுடுவாங்க."

அதிகாரி அம்மா சிரித்துவிட்டார். தரகர், ஆச்சரியமாக, சிரிக்கவில்லை.

"மொத்தம் கேக்கணும்னு ஊருக்கெல்லாம் சொல்வேன். என் வீட்டுக்கு நான் கேக்கல பாருங்க" என்றார் அப்பா. "இந்தச் சேதாரத்தைக் குறைக்க வழி இருக்கா?"

"வருஷத்தைக் குறைச்சா குறையும். இருபது வருஷத்துல கட்டினா மாசம் பதினெட்டாயிரம் ஆகும். மொத்தம் நாப்பத்து மூணு லட்சத்துச் சொச்சம்."

"ஐம்பத்தெட்டு எங்கே, நாப்பத்து மூணு எங்கே" என்றாள் அம்மா. "மாசம் ரெண்டாயிரத்துலயா இவ்வளவு வித்தியாசம்?"

"ஆமாம். அந்த ரெண்டாயிரம் முழுசும் கடனைக் குறைக்கப் போகுது. வட்டிக்குப் போகாது."

"சார், கையைக் கடிக்கும்" என்றார் தரகர். "எல்லாரும் முப்பதுதான் போடுவாங்க. மாசாமாசம் நிம்மதி."

அம்மா மறுபடி விரல் விட்டு எண்ணினாள். "அவர் சொல்றதும் பொய் இல்லைங்க. நம்மால முடிஞ்சது பதினெட்டு. அதுல ரெண்டாயிரம் வேனுக்கு."

யாரும் கொக்கியைப் பார்க்கவில்லை. அதுதான் அவளுக்குக் கஷ்டமாக இருந்தது. பார்த்திருந்தால் முறைத்திருக்கலாம். மஞ்சள் வேன், ஜன்னலோரம். நாளைக்கு வகுப்பில் என்ன சொல்வது?

"மேடம், இருபது வருஷம்னா முதல் வருஷம் எத்தனை கல்லு?" என்றாள்.

மறுபடி தட்டும் சத்தம். "மூணே முக்கால்."

மூன்றே முக்கால். அப்பாவுக்கு ஒன்று, அம்மாவுக்கு ஒன்று, தனக்கு ஒன்று. முக்கால் கல் போதுமான அளவில் வீட்டில் ஒருவன் இருக்கத்தான் செய்கிறான்.

"அம்மா, நீ ஆஸ்பத்திரிக்குப் போற பஸ் எங்க ஸ்கூல் வாசல்லதானே நிக்கும்?"

"நிக்கும். காலையில கூட்டம் அடிச்சுக்கிட்டு நிக்கும்."

"புது வீட்டுலேருந்து அந்த பஸ்ல ஏறினா, முதல் ஸ்டாப்தானே? அங்க கூட்டம் இருக்காதுல்ல?"

அம்மா அவளையே பார்த்தாள். "வேன் வேணும்னு ஒரு வாரமா ஆடினது யாரு?"

"நான்தான்."

"சாயங்காலம்?" என்றார் அப்பா.

"உன் ஷிப்ட் நாலு மணிக்கு முடியுதுல்லம்மா? நாங்க ஸ்கூல் லைப்ரரியில உக்காந்திருப்போம். நீ வர்ற பஸ்லயே ஏறிக்குவோம். பொடியனை நான் பாத்துக்குவேன்."

"பஸ்ல ஒண்ணுக்கு வந்தா?" என்றான் பொடியன். இந்தக் கடனிலேயே அவனுக்கு இருந்த ஒரே கவலை அதுதான்.

"ஏறுறதுக்கு முன்னாடி போகணும்" என்றாள் கொக்கி. "அது உன் தவணை."

அதிகாரி அம்மா காகிதங்களைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். "புதுசா எடுத்துட்டு வரேன். படிச்சுப் பாத்துட்டுக் கையெழுத்துப் போடுங்க" என்று எழுந்து போனார். போகும்போது கண்ணாடியை மறுபடி தலையில் ஏற்றிக்கொண்டார்.

அப்பா புதுக் காகிதங்களை ஒவ்வொன்றாகப் படித்தார். புரியாத இடத்தில் விரலை வைத்து, "இது என்ன மேடம்?" என்று கேட்டார். ஏழெட்டு இடத்தில் கேட்டார். ஒருவரும் அவரைத் தெருவில் போடவில்லை.

தரகர் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு கொக்கியைப் பார்த்தார். "பாப்பா, பெரியவளானா என்ன ஆகப் போறே?"

"அதை மட்டும் நான் இன்னும் கேக்கல" என்றாள் கொக்கி.

மறுநாள் வகுப்பில் அவள் வேனைப் பற்றிப் பேச்சே எடுக்கவில்லை. யாரோ கேட்டபோது, "பஸ்ல முதல் ஸ்டாப்ல ஏறினா ரெண்டு பக்க ஜன்னலும் நம்மளோடதுதான்" என்றாள். அது உண்மையாகவும் இருந்தது.

ஒரு வருஷம் ஆனது. அப்பா ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டுமே வேலை செய்து தரையைப் போட்டு முடித்தார். இருநூற்றைம்பது கல். சேதாரம் ஒன்பதே ஒன்பது. அதை அவர் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொன்னார்.

பன்னிரண்டாவது தவணை கட்டிய அன்று சாயங்காலம், கொக்கி சாக்பீஸை எடுத்து ஹாலின் நடுவில் நான்கு கல்லைச் சுற்றிக் கோடு போட்டாள். நான்காவதில் கால்வாசியை வெளியே விட்டாள்.

"இது நம்மளோடது" என்றாள். "ஏறுங்க."

அப்பா ஒரு கல்லில் ஏறி நின்றார். அவர் போட்ட ஆயிரக்கணக்கான கற்களில் அவர் இப்படி நின்றது இதுதான் முதல் தடவை. அம்மா சலவைக் கூடத்து ஈரம் காயாத சேலையோடு இன்னொன்றில் நின்றாள். கொக்கி மூன்றாவதில். பொடியன் முக்கால் கல்லில் நின்று கீழே பார்த்தான். ஒரு வருஷத்தில் அவன் பாதமும் வளர்ந்திருந்தது. கட்டை விரல் பேங்கின் பக்கம் நீட்டிக்கொண்டிருந்தது.

"விரலை உள்ளே இழு. அது அவங்க இடம்" என்றாள் கொக்கி.

"எவ்வளவு நேரம் நிக்கிறது? கால் வலிக்குது."

"அடுத்த வருஷம் ஆளுக்கு ரெண்டு கல்லு. உக்காரலாம்" என்றார் அப்பா.

"எப்ப படுக்கலாம்?"

அப்பா அவனை உச்சி முதல் கால் வரை அளந்து பார்த்தார், மேஸ்திரி தரையைப் பார்க்கிற மாதிரி.

"அது நீ வளர்ற வேகத்தைப் பொறுத்தது" என்றார்.