எல்லாருக்கும் பதில் சொல்பவர்

அச்சகத்தில் சேர்ந்த முதல் நாளே மச்சான் என்னைப் பெரிய மெஷினுக்கு முன்னால் நிறுத்தினார். என் மனைவியின் அண்ணன் அவர்; சாவு வீட்டிலும் யாரையாவது சிரிக்க வைத்துவிடுவார். அன்று சிரிக்கவில்லை.

"சுவிட்சைப் போடறதுக்கு முன்னாடி 'கை?'னு சத்தமா கேக்கணும். 'என் கை வெளியே'னு அவங்கவங்க வாயால சொல்லணும். ஒருத்தருக்காக இன்னொருத்தர் சொல்லவே கூடாது."

"எதுக்கு மச்சான் இவ்வளவு சம்பிரதாயம்?"

சொன்னார். வேலைநிறுத்தம் செய்ததற்காக மில்லிலிருந்து துரத்தப்பட்டவர்களின் நோட்டீஸை எந்த அச்சகமும் தொடவில்லையாம். வீட்டுப் பெண்களின் வளையல்களை விற்று, அவர்களே இந்தப் பழைய மெஷினை வாங்கிப் போட்டார்கள். சங்கத் தலைவர்தான் அவர்களுக்கு வாய். முதலாளி கேட்டாலும் போலீஸ் கேட்டாலும் எல்லாருக்குமாக அவரே பதில் சொல்வார். ஒரு நாள் அவசரத்தில் மெஷின்காரர், "போடலாமா?" என்று கேட்க, பழக்கதோஷத்தில் தலைவர், "எல்லார் கையும் வெளியேதான். போடு" என்றார்.

உள்ளே இருந்தது அவருடைய தம்பியின் கை. பையன் பிழைக்கவில்லை. அன்றைக்கு மூடிய வாயைத் தலைவர் சாகும்வரை திறக்கவில்லை.

"செத்த பிறகுதான் திறந்தாரு" என்று முணுமுணுத்தார் மச்சான். வழக்கமான கிண்டல் என்று நினைத்துக்கொண்டேன்.

அந்த வாரமே துறைமுகத்தில் வேலைநிறுத்தம். பொழுது சாய்வதற்குள் நோட்டீஸ் வேண்டும். வெளியே மழை. ஜன்னல்களை அடைத்திருந்ததால் மை வாடையும் மண்ணெண்ணெய் வாடையும் மூச்சுமுட்ட வைத்தன. பாதியில் காகிதம் சிக்கி மெஷின் நின்றது. மச்சான் மறுபக்கம் போய்க் குனிந்தார். மெஷின் அவரை முழுதாக மறைத்தது. வாசலில் லாரிக்காரன் ஹாரனை விடாமல் அடித்தான்.

சுவிட்சில் விரலை வைத்தேன்.

"கை?"

"எல்லார் கையும் வெளியேதான். போடு."

விரல் அழுந்தப் போனது.

எல்லார் கையுமா?

அச்சகத்தில் இருந்தது நாங்கள் இரண்டே பேர்.

"மச்சான்?"



"போடு" என்றது அந்தக் குரல். இப்போது என் காதருகே.

சுற்றிக்கொண்டு ஓடினேன். மச்சான் டார்ச்சைப் பல்லில் கடித்தபடி, கையை முழங்கை வரை உருளைகளுக்கு நடுவே விட்டுக் கிழிந்த காகிதத்தை இழுத்துக்கொண்டிருந்தார். பேச முடியாத வாய். கண்கள் மட்டும் என்னைப் பார்த்துப் பிதுங்கின. அந்தக் கை வெளியே வரும்வரை என் உயிர் என்னிடம் இல்லை.

டார்ச்சை எடுத்தார்.

"உனக்கும் கேட்டுச்சா?"

தலையாட்டினேன்.

"என் தங்கச்சிகிட்ட சொல்லிடாத."

மீதி நோட்டீஸை எப்படி அடித்து முடித்தோம் என்று இன்றும் தெரியவில்லை. லாரி போனதும் விளக்கை அணைத்து ஷட்டரை இழுத்தோம். பூட்டைக் கையில் எடுத்த மச்சான், தினமும் கேட்பதுபோல் என்னைக் கேட்டார்.

"உள்ள யாரும் இல்லையே?"

நான் வாயைத் திறக்கவில்லை.

"யாரும் இல்ல" என்றது ஷட்டருக்கு உள்ளேயிருந்து அந்தக் குரல். "பூட்டு."