பெல்ட் அறுந்த பிறகும்

பெல்ட் அறுந்தது அவனுக்கு நன்றாகவே கேட்டது. பட்டென்று ஓர் அடி, அதன் பின்னாலேயே கருகிய ரப்பர் வாடை. ஜன்னல்களை மூடித் திரையும் இழுத்துவிட்ட அந்தக் கூடத்தில் வாடை வெளியே போக வழியில்லாமல் மூக்கிலேயே வந்து உட்கார்ந்துகொண்டது. வேக்குவம் கிளீனரை அணைத்து, பிளக்கையும் பிடுங்கினான். மோட்டார் ஓய்ந்தது. ஆனால் பிரஷ் விரிப்பைத் தட்டும் தடதடப்பு மட்டும் இரண்டு நொடி கழித்துத்தான் நின்றது. பெல்ட் இல்லாமல் பிரஷ் எப்படிச் சுற்றும்? ஓடின வேகத்தில் சுற்றியிருக்கும் என்று தனக்குத் தானே சமாதானம் சொல்லிக்கொண்டான்.

அவன் வீட்டிலிருந்தே தைக்கும் தையல்காரன். மனைவி ஆஸ்பத்திரியில் நர்ஸ். பகல் ஷிப்டுக்கு அவள் போய்விட்டால் இரண்டு மாதக் கைக்குழந்தை அவன் பொறுப்பு. குறைமாதத்தில் பிறந்த பிள்ளை, உள்ளங்கையில் அடங்குகிற உடம்பு. தூங்கினால்தான் எடை ஏறும், எடை ஏறினால்தான் பிழைக்கும் என்று டாக்டர் ஒளிக்காமல் சொல்லியிருந்தார். மகாராணிக்கோ தோளில் போட்டாலும் தூக்கம் வராது, பாடினாலும் வராது. வேக்குவம் கிளீனர் ஓடினால்தான் கண் செருகும். அதனால் படுக்கையறை வாசலில் விரிப்பின்மேல் அதை நிறுத்தி, நின்ற இடத்திலேயே மணிக்கணக்கில் ஓடவிடுவான். "ஊர்ல எல்லாரும் தாலாட்டுப் பாடுவாங்க. நீங்க தூசி உறிஞ்சுறீங்க" என்று மனைவி கிண்டலடிப்பாள். எறும்பு ஊரக் கல்லே தேயும், ரப்பர் எம்மாத்திரம்? இது நாலாவது பெல்ட்.

உள்ளே குழந்தை வீறிட்டது.

"இதோ, அஞ்சே நிமிஷம்டா செல்லம்!"

எடுத்துத் தோளில் போட்டால் இன்னும் மிரண்டு கத்தும், அது அவனுக்குப் பட்டறிவு. கூடத்துத் தரையில் சம்மணமிட்டு, மிஷினைக் கவிழ்த்து மடியில் வைத்துக்கொண்டு, அடித்தட்டின் நான்கு ஸ்குரூக்களையும் கழற்றினான். பிரஷ் உருளையைச் சுற்றி அவன் தொழிலின் நூலெல்லாம் கலர் கலராக இறுகிக் கிடந்தது. சின்னக் கத்தரியால் நெடுக வெட்டி உருவினான். புது பெல்ட்டை முதலில் மோட்டார் தண்டில் மாட்டி, பிறகு உருளையில் போட்டு, இரண்டு கட்டைவிரலும் வெளுக்க இழுத்து உருளையை அதன் பள்ளத்தில் உட்காரவைக்கப் பார்த்தான். வழுக்கிக்கொண்டு வந்தது. மறுபடி இழுத்தான். எப்போது என்று தெரியவில்லை, அழுகை விம்மலாகி, விம்மலும் அடங்கியிருந்தது. அப்பாடா என்றிருந்தது. களைத்துப்போய்த் தூங்கியிருக்கும்.

போன் அடித்தது. மனைவி.

"பாப்பா தூங்கிட்டாளா?"

"இப்பதான். தொண்டை கிழியக் கத்திட்டா."

"சரி, கொஞ்சம் தள்ளி வந்து பேசுங்க. மிஷின் இரைச்சல்ல நீங்க சொல்றதே கேக்கல."

அவன் மடியைப் பார்த்தான். உருளை ஒரு பக்கம், தட்டு ஒரு பக்கம். பிளக் முழங்காலுக்குக் கீழே கிடந்தது.

"எந்த மிஷின்?"

"என்னங்க விளையாடுறீங்களா? வேக்குவம்தான். குழந்தை காதுகிட்டயா வச்சு ஓட்டுவாங்க?"

அப்போதுதான் அவனுக்கும் கேட்டது. இரண்டு மாதமாகக் காதில் ஊறிப்போன சத்தம், அதனால்தான் அது இருப்பதே உறைக்கவில்லை. மோட்டாரின் ரீங்காரம், பிரஷ்ஷின் தடதடப்பு, தேய்ந்த பெல்ட் நடுநடுவே வழுக்கும் அந்தச் சின்ன இழுவைகூட அப்படியே. தையல் மிஷினோடு இருபது வருஷம் குப்பை கொட்டியவன் காது. தப்பாது. படுக்கையறையிலிருந்து வந்தது.

"ஏங்க? லைன்ல இருக்கீங்களா?"

போனை அணைக்காமலே தரையில் வைத்தான்.

சத்தம் சட்டென்று நின்றது. அரை நொடி. யாரோ நீளமாக மூச்சை உள்ளே இழுத்தார்கள். ஈரமான மூச்சு. பிறகு விட்ட இடத்திலிருந்து ரீங்காரம் தொடர்ந்தது.

மிஷினுக்கு எதற்கு மூச்சு?

எழுந்து தெருவாசல் பக்கம் ஓடிவிடத்தான் கால் துடித்தது. ஆனால் குழந்தை உள்ளே இருந்தது. கத்தரியை இறுகப் பிடித்துக்கொண்டு நடந்தான். எட்டு அடி. கதவு பாதி திறந்திருந்தது. உள்ளே திரை போட்ட மங்கல் வெளிச்சம். பால் வாடை. அதற்கடியில் வேறொரு வாடை, நாள்பட்ட தூசி நனைந்தது போல.

யாரும் இல்லை.

குழந்தையின் கட்டில் சுவரோரமாக. சுவருக்கும் கட்டிலுக்கும் நடுவே ஒரு கை நுழையும் இடுக்கு. சத்தம் அங்கிருந்து வந்தது.

குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. நல்ல தூக்கம். ஒரு கை கட்டில் கம்பிக்கு வெளியே நீண்டிருந்தது. இடுக்கிலிருந்து ஏதோ மெல்லியதாக, சாம்பல் நிறத்தில் மேலே வந்திருந்தது. நகம் இருந்தது. விரல்.

கைக்குழந்தை கிடைத்ததைப் பற்றிக்கொள்ளும். அதுதான். விடுவித்துவிடலாம். குனிந்தான். குழந்தையின் ஐந்து விரல்களும் தளர்ந்து விரிந்து கிடந்தன. அவள் எதையும் பிடித்திருக்கவில்லை. அந்த விரல்தான் அவள் மணிக்கட்டைச் சுற்றியிருந்தது. இரண்டு சுற்று.

கத்தரியை உயர்த்தினான்.

சத்தம் நின்றது. தூக்கத்திலேயே குழந்தை அழுகைக்கு உதட்டைப் பிதுக்கியது. அவன் அலற வாயைத் திறந்தான்.

இடுக்கிலிருந்து இன்னொரு விரல் மேலேறியது. கட்டிலைத் தாண்டியது. குழந்தையைத் தாண்டியது. அவன் முகம்வரை நீண்டு வந்து, சில்லென்று, அவன் உதடுகளின்மேல் செங்குத்தாக நின்றது.