லாயோஷ் மாஸ்டரின் கடைசி மாணவி

செயின்ட்-மிஷேலில் என் தங்கை சிவமலர் புதிதாக வாடகைக்கு எடுத்த வீட்டுக்கு நான் முதலில் போனது சரஸ்வதி பூசை அன்று. ஐப்பசி மழை. வாசல் கதவைத் திறந்ததும் ஈரக் கம்பளியும், வயலின் வில்லுக்குப் பூசுகிற பிசினும் கலந்த மணம் மூக்கில் ஏறியது.

"என்னடி மணம் இது?"

"முந்தி இருந்த மனுசன்ர, அக்கா. ஹங்கேரிக்காரர், வயலின் மாஸ்டர். செத்தும் மணம் போகுதில்லை."

சுண்டலுக்கு இறங்கிவந்த மேல்வீட்டு றோஸ்மேரி குரலைத் தாழ்த்தினாள்.

"லாயோஷ் மாஸ்டரோ? அம்பத்தாறில, அங்க சண்டைக்குள்ள, உடுப்பையும் விட்டுட்டு வயலினோட ஓடிவந்தவராம். கெட்ட மனுசன் இல்லை. ஆனா ஒரு பிள்ளை பிழையா வாசிச்சா, சரிவருமட்டும் கதவு திறவார். பேந்து ஒருத்தரும் வரேல்லை. சாகேக்கையும் என்னைக் கேட்டவர், 'படிக்க ஒரு பிள்ளையும் இல்லையோ?' எண்டு."

அவருடைய வயலின் அலமாரிக்குள்ளேயே கிடந்தது. சிவமலர் அதைத் துடைத்து, கும்பத்தின் முன் புத்தகங்களோடு வைத்தாள்.

மறுநாள் விஜயதசமி. அவள் மகள் றொஷினிக்கு வயலின் தொடங்கவேண்டும். டொலார்ட்டில் இருக்கும் டீச்சருக்குக் காய்ச்சல்.

"குரு இல்லாம எப்பிடியடி தொடங்கிறது?"

"வயலினையே குருவா நினைச்சுக் கும்பிடட்டும். நாள் தவறக்கூடாது."

றொஷினி வெற்றிலைத் தட்டை அதன்முன் வைத்து விழுந்து கும்பிட்டாள். தாய் சொல்லிக்கொடுத்ததைத் திருப்பிச் சொன்னாள்:

"என்னை உங்கட பிள்ளையா எடுத்துப் படிப்பியுங்கோ."

சுவருக்குள் ஹீட்டர் குழாய் ஒருமுறை தட்டியது. வில்லால் மேசையில் தட்டுவதுபோல.

சில நாளில் போன் வந்தது. "அக்கா, உடன வா. பிள்ளை அறையை விட்டு வாறாளில்லை."

நல்ல பகல். ஆனாலும் அந்த அறைக்குள் இருட்டியிருந்தது. நாங்கள் வயலினை உட்கார்ந்து, நெஞ்சில் சாய்த்து வாசிப்பவர்கள். றொஷினி நின்றுகொண்டிருந்தாள். வயலின் அவள் தாடைக்கடியில். தாடை உரசி உரசித் தோல் உரிந்திருந்தது.

"காணும் பிள்ளை, வை அதை."

"கதைக்காதேங்கோ, பெரியம்மா. அவருக்குக் கேக்கும்."

"ஆருக்கு?"

"பின்னால நிக்கிறார்."

பின்னால் வெறும் சுவர்.

"என்ர விரலை ஒவ்வொண்டாப் பிடிச்சு வைக்கிறார். சரியாக் குளிருது. சரிவந்தா விடுவாராம்."

வயலினைப் பறித்து றோஸ்மேரி வீட்டில் பூட்டினோம். றொஷினியின் இடதுகை நிற்கவில்லை. சோறு ஊட்டினால் வாய் மென்றது. விரல்கள் வெறுங்காற்றை அழுத்திக்கொண்டே இருந்தன. நகக்கண்ணில் இரத்தம்.

"நாங்கதானே கூப்பிட்டனாங்கள்," சிவமலர் அழுதாள். "அவரா வரேல்லை."

"அப்ப அவரிட்டத்தான் விடச்சொல்லிக் கேக்கோணும்."

வயலினைத் திரும்பக் கொண்டுவந்து வைத்தோம். புது வெற்றிலை வைத்தோம்.

"ஐயா, சின்னப்பிள்ளை. விட்டிடுங்கோ," என்று சிவமலர் கும்பிட்டாள்.

குழாய் தட்டவில்லை.

விரல்கள் இன்னும் வேகமாக ஓடின. பிள்ளை பல்லைக் கடித்துக்கொண்டாள்.

எனக்குப் பொறுக்கவில்லை. தட்டை என் பக்கம் இழுத்து, நானே விழுந்தேன்.

"எனக்குப் படிப்பியுங்கோ, ஐயா. இவளை விடுங்கோ."

"அக்கா! என்ன கதை கதைக்கிறாய்?"

"சும்மா இரடி. என்ர வாதம் பிடிச்சு மடங்கின கை. கரண்டியே பிடிக்கேலாது. இதை வைச்சு என்னத்தைச் செய்யப்போறார்?"

குழாய் ஒருமுறை தட்டியது.

றொஷினியின் கை மடியில் விழுந்தது. "அம்மா, பசிக்குது," என்றாள். சிவமலர் சிரித்தாள், அழுதாள், சோற்றைக் குழைத்தாள். நான் பஸ் பிடித்து வீட்டுக்கு வந்தேன்.

இனி நிமிராது என்று டாக்டர் கைவிட்ட விரல்கள் இவை. இன்று காலை தேத்தண்ணி குடிக்கையில், இடது சுட்டுவிரல் மெல்ல, மிக மெல்ல நிமிரத் தொடங்கியது. எலும்பு நெரிகிற சத்தம் எனக்கே கேட்டது. கத்தினேன்.

கோபமில்லாத பிடி. அவசரமே இல்லாத ஒருவரின் பிடி.

ஐஸ்போல் குளிர்கிறது.

இப்போது நடுவிரலுக்கு வந்திருக்கிறார்.